ரெண்டு செகண்டு

இல்ல பிள்ளே, நான் பேச்ச மாத்தல. அந்தப் பக்கத்துக்கு வருவோம். புக்க மடியில வச்சிட்டு இப்பிடி மொறச்சா நான் எப்பிடிப் பேசுவேன்? லீலாபாயி, கடியப்பட்டணத்துல இருந்து நம்ம சிலுவைக்க மோளு வந்திருக்கு, சாயா போடு! இப்ப உள்ள இருந்து ஒரு குரல் வரும், கேளு. பாலு தீந்துபோச்சுன்னு காலையிலயே சொன்னனே, செவி கேக்காதா மனுசா. வந்துதா? அவ வாயத் தொறக்கதுக்கு முன்ன அவ குரல்லயே நான் சொல்லிட்டேன், பாத்தியா. செரி, கட்டஞ்சாயா குடி.

இந்த புக்கு எனக்கும் தபால்ல வந்துது. யூனிட்டுக்க அம்பது வருச வரலாறு. தங்க எழுத்து. எங்க சோலி என்ன? எதிரி விமானம் வந்தா கீழ இருந்து ஏவுகணை விட்டு வீழ்த்தணும். இந்த அம்பது வருசத்துல எத்தன வீழ்த்தினோம், சொல்லு பாப்போம். ஒண்ணும் இல்ல. ஒருத்தனும் வரல பிள்ளே! வானத்தப் பாத்துட்டு கெடந்தோம், அத இருநூறு பக்கத்துக்கு எழுதியிருக்காவ. டாங்கி மாதிரி ஒரு வண்டி, மேல மூணு ஏவுகணை. அதுதான் லாஞ்சர். ராடார் தனி வண்டில நிக்கும். அது எங்க திரும்புதோ, லாஞ்சரும் தானா அங்க திரும்பும். ஊம்ம்ம்ம்னு ஒரு சத்தம். இந்தா, இப்பிடித்தான். நல்லா இருக்கா? கோயில் கொடையில இதச் செய்தா பிள்ளையள் கை தட்டும்.

செரி, செரி. உனக்க அப்பன்.

ராஜஸ்தான் மணல்ல மாசக்கணக்கா கெடந்தோம், ரெண்டாயிரத்து ரெண்டுல. நம்ம ஊர்க்காரங்க நாங்க ரெண்டு பேருதான். நீ அப்ப தவழுத பிள்ள. போட்டாவ எல்லாவனுக்கும் காட்டுவான். அவன் லாஞ்சர்ல, நான் தள்ளி ஒரு கூடாரத்துல டெலிபோன்ல. சும்மா இருக்கப்ப அவனுக்குப் போன் போட்டு ஒவ்வொருத்தரு குரல்லயும் பேசுவேன். சமையக்காரன், சுபேதாரு, எல்லாம். கர்னல் சார் பஞ்சாபி. தொண்டையில கல்லு உருளுத மாதிரி இருக்கும். அத நான் செய்தா சிலுவை போனப் பிடிச்சிட்டு அட்டென்ஷன்ல நிப்பானாம். மாட்டேன் பிள்ளே, அத மட்டும் செய்யச் சொல்லாத. அந்தக் குரல நான் விட்டாச்சு.

எங்களுக்குள்ள ஒரு ஏற்பாடு உண்டு. கர்னல் குரல்ல என்ன சொன்னாலும் கடைசில மக்கான்னு, நம்ம ஊர்ல பிரியமா விளிக்குத வார்த்த, அதச் சேப்பேன். பஞ்சாபிக்காரன் மக்கான்னு சொல்லுவானா? அதக் கேட்டதும் அவனுக்கு வெளங்கும், இது ரத்தினம். அப்ப ஒரு சிரிப்பு சிரிப்பான். போன் இல்லாமலே எனக்குக் கேக்கும்.

ம், வாசி. கட்டளையை மீறி லாஞ்சரில் ஏறிய ஒரு வீரர் விபத்தில் இறந்தார். அவ்வளவுதான். பேரு கெடையாது. நினைவுச் சுவர்லயும் கெடையாது. உங்கம்மை என்ன சொல்லுகா? பெஞ்சாதி பிள்ள ஓர்மை இருந்தா கேறியிருப்பாரான்னா? இத்தன வருசமும் அதேதானா. ம்.

ராடார் ஓடும்போ லாஞ்சர்ல கேறப்படாது, அது திரும்பும்போ ஆள நசுக்கிரும். அது அவனுக்குத் தெரியாதா? புதுப் பயலுவளுக்கு அதச் சொல்லிக் குடுக்கவனே அவன்தான். ஆரு சொன்னாலும் கேறமாட்டான். கர்னல் சொன்னா கேறுவான்.

விசாரணையில கேட்டாவ, போன்ல ஆராவது ஆர்டர் குடுத்தியளான்னு. கர்னல் இல்லன்னாரு. நெசந்தானே, அவரு குடுக்கல. நானும் இல்லன்னேன். அது எனக்க சொந்தக் குரல்ல.

சாயா ஆறுது, குடி.

மத்தியானம், டீ நேரம். ராடார நிறுத்தி வச்சிருக்குன்னுதான் நெனச்சேன். மெக்கானிக்கு டெஸ்டு பாக்க ஓட்டுனது எனக்குத் தெரியாது. போன எடுத்தேன். மேல கேறு, கவர அவுத்து எடு, ஒடனேன்னு இந்தில, அந்தக் கல்லு உருளுத தொண்டையில. பொறவு அந்த வார்த்தயச் சொல்லணும். ஒடனே சொன்னா என்ன ரசம்? ஆளு வெறச்சு நிக்கட்டும், ரெண்டு செகண்டு. மிமிக்ரிக்கு டைமிங்குதான பிள்ளே எல்லாம். ஒண்ணு, ரெண்டுன்னு எண்ணிட்டு வாயத் தொறக்கேன், அந்தப் பக்கம் ஆளு இல்ல. ஓடிட்டான். ஊம்ம்ம்ம்னு அந்தச் சத்தம் மட்டும் போன்ல கேக்குது.

அம்பது வருசத்துல அந்த வண்டி எடுத்த உயிரு அது ஒண்ணுதான்.

எழுதிக்க. கையெழுத்து போட்டுத் தாறேன், யூனிட்டுக்கு அனுப்பு. என்ன வேணும்னாலும் செய்யட்டும். உங்கம்மைக்கிட்ட சொல்லு, அவன் கட்டளைய மீறல. கேட்ட ஒடனே கேறினான்.

சாயா குடிக்காமலே எழும்பிட்டியே. செரி, போ. அன்னைக்குப் பொறவு அந்த வார்த்தயச் சொல்லி நான் ஒருத்தரையும் விளிச்சதில்ல. லீலாபாயிக்குக்கூட காரணம் தெரியாது. படி ஒரு எடத்துல இளகிக் கெடக்கு, பாத்து எறங்கு...

மக்கா.