சம்பந்தி வீட்டுக் குளம்

– அப்பா, உக்காருங்க. அந்த வலைக்கம்பைத் தொடாதீங்க.

– தொடல கண்ணு. பார்க்கத்தான் செய்றேன். உன் மாமியார் வீட்டு நீச்சல் குளத்துக்குக் காக்கா வெள்ளையடிச்சிட்டுப் போயிருக்கு.

– போகட்டும். அதுக்கு ஆள் வரும்.

– ஊர்க் குளத்துக்கெல்லாம் அந்த ஆளே நான்தானே!

– மெதுவாப் பேசுங்கப்பா! கல்யாணத்தப்பவே உங்களைக் கட்டட காண்ட்ராக்டர்னு சொல்லிட்டேன். உங்க மாப்பிள்ளைக்கு மட்டும்தான் நிஜம் தெரியும்.

– அதுக்குத்தான் இந்தச் சட்டையா? கழுத்தை நெரிக்குது.

– அத்தையோட சொந்தக்காரங்க எல்லாம் வந்திருக்காங்க. இன்னிக்கு ஒரு பொழுது. எனக்காக.

– சரி சரி. காண்ட்ராக்டர் கால் மேல கால் போட்டாச்சு. போதுமா? ஆமா, அந்த பிளாஸ்டிக் ஆந்தை எதுக்கு?

– காக்கா பயப்படும்னு உங்க மாப்பிள்ளைதான் வாங்கி வச்சார்.

– ரொம்பத்தான் பயந்திருக்கு. ஆந்தை தலையிலயே உக்காந்து எச்சம் போட்டுட்டுப் போயிருக்கு பாரு!

– சிரிக்காதீங்கப்பா, அத்தை வர்றாங்க.

– என்ன சம்பந்தி, வெயில்லயே உக்காந்துட்டீங்க? அம்மாடி, உள்ள பசங்க குளத்துல இறங்கணும்னு ஒத்தைக் கால்ல நிக்கிறாங்க. கேட்டைத் திறந்து விட்டுடவா?

– அது வந்து... அத்தை...

– சம்பந்தியம்மா, தண்ணியில எச்சம் கிடக்குதுங்க. குழந்தைங்க வாயில தண்ணி போகும்...

– அட, கையால ஒதுக்கிட்டு நீந்துவாங்க சம்பந்தி. நீங்க மாடி மாடியாக் கட்டுறவர். இந்த அழுக்கு வேலையெல்லாம் உங்களுக்கு எங்க தெரியப்போகுது!

– ஆமாங்க. எனக்கென்ன தெரியும்.

– அத்தை, கேட்டைத் திறக்காதீங்க! ஒருத்தரும் இறங்கக் கூடாது.

– ஏய், புதுத்துணியோட எங்கடி போறே? கம்பை எதுக்கு எடுக்குறே?

– முதல்ல எச்சத்தைக் கலக்காம அரிச்செடுக்கணும். விளிம்பைத் தேய்க்கணும். அப்புறம் குளோரின். மோட்டார் ஓடி, தண்ணியைச் சோதிச்ச பிறகுதான் பசங்க.

– கண்ணு, வலையையும் மருந்துத் தண்ணியில...

– முக்கணும். தெரியும்ப்பா!

– அடியம்மா! கம்போடவே பொறந்தவ மாதிரி வீசுறே. எங்கடி கத்துக்கிட்டே இதை?

– எங்கப்பாகிட்ட, அத்தை. அவர் காண்ட்ராக்டர் இல்ல, குளம் சுத்தம் பண்றவர். இந்த ஊர்ல அவர் கை படாத குளம் உங்களுது ஒண்ணுதான்.