ஒரு கை ஆட்டம்

– இன்னொரு டப்பாவா? போட்டோக்காரரே, நீங்க டயாலிசிஸ் பண்ணிக்க வர்றீங்களா, இல்ல கொஞ்சம் கொஞ்சமா இங்கயே குடி வர்றீங்களா?

– டப்பா இல்ல வக்கீலம்மா. ஹார்ட் டிஸ்க். எட்டு டெராபைட். எங்க ஸ்டூடியோவுல கல்யாண வீடியோ போட்டு வெச்சிருந்தது.

– அடப்பாவமே. அந்தக் கல்யாணமெல்லாம் என்ன ஆச்சு?

– அழிச்சிட்டேன். எல்லாம் பழசு. அவங்கவங்க காப்பி அவங்கவங்ககிட்ட இருக்கு. பாதிப் பேர் இப்ப சேர்ந்தே இல்ல, திருப்பிக் கேக்க மாட்டாங்க.

– அது எனக்குத் தெரியாதா? முதல் பாதி உங்க கேமராவுல, ரெண்டாம் பாதி என் ஃபைல்ல. நாம ரெண்டு பேரும் ஒரே ஆபீஸ் போட்டிருக்கலாம்.

– மேடம், இடது கையை ஆட்டாதீங்க. ஊசி போட்டு இன்னும் டேப் கூட ஒட்டல.

– ஆட்சேபணை சிஸ்டர். ஆடினது வாய்தான்.

– உங்களுக்கு வாய் ஆடினா கையும் சேர்ந்து ஆடுது. கோர்ட்டுப் பழக்கம். சார், உங்களுக்கும் தனியா சொல்லணுமா? வலது கையை நீட்டுங்க. அந்த வயரையெல்லாம் ஓரமாத் தள்ளுங்க. யாராவது தடுக்கி விழுந்தா இந்த வார்டுல திட்டு வாங்கறது நான்தான்.

– ஒரே நிமிஷம் சிஸ்டர். லைட் நல்லா இருக்கும்போதே கனெக்‌ஷன் குடுத்துடறேன்.

– டிவிக்கு வயர் சொருகறதுக்கு லைட் எதுக்கு?

– வாய்ப் பழக்கம் சிஸ்டர். விடுங்க.

– ஏன் போட்டோக்காரரே, அந்தப் பழைய குட்டி டிஸ்க் என்ன பாவம் பண்ணுச்சு? நாம ஆடறது ஒரே ஒரு கார் ரேஸ். அதுலயும் முதல் வளைவைத் தாண்டினதா சரித்திரமே கிடையாது. அதுக்கு எட்டு டெராபைட்டா?

– நீங்க திருப்பினாத்தானே வளைவைத் தாண்டும்.

– நீங்க பிரேக்கைப் பிடிச்சாத்தானே நான் திருப்ப முடியும். சுவரைப் பார்த்ததும் இவருக்கு மாமியார் வீட்டைப் பார்த்த மாதிரி ஒரு வேகம் வருது.

– சிஸ்டர், நீங்களே சொல்லுங்க. இருக்கறது ஒரு ஜாய்ஸ்டிக். இவங்களுக்கு இடது கையில ஊசி, எனக்கு வலது கையில. மிச்சம் இருக்கற ரெண்டு கையையும் சேர்த்தா ஒரு முழு ஆள். இவங்க திருப்பறாங்க, நான் பட்டன் அமுக்கறேன். இதுக்கு மேல என்ன ஒத்துமை வேணும்?

– அந்த முழு ஆளுக்கு லைசென்ஸ் குடுத்த அதிகாரி யாருன்னு சொல்லுங்க, அவர் மேல கேஸ் போடறேன்.

– ரெண்டு பேரும் மெதுவாப் பேசுங்க. அந்தப் பக்கம் தூங்கறாங்க.

– சரி. டிவியில ஏன் ஒண்ணுமே வரல?

– வரும்.

– "வரும்". என்கிட்ட வர்ற பொம்பளைங்களோட புருஷனுங்க எல்லாரும் சொல்ற வார்த்தை. பணம் வரும், பொறுப்பு வரும், நல்ல புத்தி வரும்.

– கரண்ட் போகல வக்கீலம்மா, அவ்ளோதான். சின்ன டிஸ்க்னா இந்த கேம் மெஷினோட யூஎஸ்பியில வர்ற கரண்டே போதும். இது பெருசு, தனியா அடாப்டர் மாட்டணும். சிஸ்டர், அந்த ப்ளக்குல...

– சார்! அது டயாலிசிஸ் மெஷினோட ப்ளக்!

– தொடல சிஸ்டர். பார்த்தேன்.

– பார்க்கவும் வேணாம். அது நின்னா உங்க ரத்தம் பாதி வழியில நிக்கும். டிவிக்குக் கீழ ஒண்ணு காலியா இருக்கு, குடுங்க, நானே மாட்டறேன். உங்க ரெண்டு பேருக்கும் ஊசி போட்டது போக இந்த வேலையும் எனக்கு.

– சிஸ்டர் இல்லேன்னா இந்த ஆஸ்பத்திரியே கிடையாது.

– ஐஸ் வெக்காதீங்க சார். உங்களுக்குத் தண்ணியே அளவுதான்.

– பாருங்க, பச்சை லைட் வந்துடுச்சு. இப்ப மெஷினை ஆன் பண்ணா... ஆங். படிக்க ஆரம்பிச்சிட்டான்.

– "படிக்கிறேன், காத்திருக்கவும்." எவ்ளோ நேரம்?

– கொஞ்சம் ஆகும். இவன் பழைய ஆளு. இவனைச் செஞ்ச காலத்துல இவ்ளோ பெரிய டிஸ்க்கே கிடையாது. சிடி போட்டு ஆடணும்னுதான் செஞ்சாங்க. சிடி படிக்கற லென்ஸ் போயிடுச்சு, கடையில கிடைக்கல. அதான் உள்ள சாஃப்ட்வேரை மாத்தி, வெளி டிஸ்க்குலேர்ந்து ஆடற மாதிரி பண்ணேன்.

– அதாவது கம்பெனிக்காரன் போட்ட பூட்டை உடைச்சிட்டீங்க. அதை ஒரு வக்கீல்கிட்ட பெருமையா வேற சொல்றீங்க.

– என் மெஷின். நான் காசு குடுத்து வாங்கின சிடி. அதிலேர்ந்து நானே எடுத்த காப்பி.

– "என்னோடது, என்னோடது, என்னோடது." நகையிலேர்ந்து நாய்க்குட்டி வரைக்கும் இதே பாட்டுத்தான் கேட்டிருக்கேன். சரி, பதிவு பண்ணிக்கறேன். அப்புறம்?

– அப்புறம் என்ன. புது முறையில ஃபார்மேட் பண்ண டிஸ்க் இவனுக்குப் புரியாது. பழைய முறையில பண்ணணும். கம்ப்யூட்டர்கிட்ட சொன்னா, இவ்ளோ பெருசை அந்த முறையில பண்ண மாட்டேன்னு அது முரண்டு பிடிக்குது. அதுக்குன்னு வேற சாஃப்ட்வேர் தேடி எடுத்தேன். அப்பவும் ரெண்டு டெராபைட்டுக்கு மேல இவன் கண்ணுக்குத் தெரியல. கடைசியில பார்ட்டிஷன் போட்டேன்.

– பாகப்பிரிவினையா! முதல்லயே சொல்ல வேண்டியதுதானே, அது என் ஏரியா. யாருக்கு எவ்ளோ?

– இவனுக்கு ரெண்டு.

– மீதி ஆறு?

– சும்மா கிடக்கும்.

– பிரமாதம். எட்டு மாடி கட்டிட்டு ரெண்டாவது மாடியோட படிக்கட்டை நிறுத்திட்டீங்க. இதுக்கு எவ்ளோ நாள் உக்காந்தீங்க?

– நாள் கணக்கெல்லாம் கேக்காதீங்க. இதுல வேற, பெரிய கேமா இருந்தா ஒரே ஃபைலா ஏறாது. வெட்டி வெட்டித் துண்டாப் போடணும். ஒரு துண்டு விட்டுப்போனாலும் பாதியில நின்னுடும்.

– உருப்படியான மனுஷன் இந்த நேரத்துல ஒரு தொழில் கத்துக்கிட்டிருப்பான்.

– எனக்குத்தான் தொழில் இருக்கே.

– இருக்கு, இருக்கு. செவ்வாய்க்கிழமை அந்தத் தொழிலுக்குப் போயிட்டீங்களாக்கும். நான் தனியா உக்காந்து சுவத்துல இருக்கற விரிசலைப் பார்த்துக்கிட்டிருந்தேன். ஜாய்ஸ்டிக்கை மடியில வெச்சுக்கிட்டு. அந்தக் காரு திரும்பிச்சு, நகரல. என் வாழ்க்கையை அப்படியே டிவியில போட்டுக் காமிச்ச மாதிரி இருந்தது.

– செவ்வாய்க்கிழமை பெரிய ஆஸ்பத்திரியில ஒரு டெஸ்ட் இருந்தது. டயாலிசிஸை அங்கயே பண்ணிட்டாங்க.

– என்ன டெஸ்ட்?

– சும்மா. வழக்கமானது. ஆங், வந்துடுச்சு பாருங்க லிஸ்ட்டு! எல்லாம் வந்துடுச்சு. வக்கீலம்மா, ஸ்மைல் ப்ளீஸ்.

– பேச்சை மாத்தறதுல என் எதிர்க்கட்சி வக்கீலெல்லாம் உங்ககிட்ட பாடம் படிக்கணும். என்ன இது, இவ்ளோ? இறங்க இறங்க வந்துக்கிட்டே இருக்கு.

– இன்னும் இருக்கு. இறங்குங்க.

– யாரு இதையெல்லாம் ஆடி முடிக்கறது? எனக்கு எதுக்கு இதெல்லாம்... சரி, அது என்ன அடியில ஒரு ஃபோல்டர்? "ஒரு கை"?

– அது ஒண்ணுமில்ல.

– ஒண்ணுமில்லாததுக்கா பேரு வெச்சிருக்கீங்க? திறக்கறேன். குதிரை. மீன் பிடிக்கறது. கட்டை அடுக்கறது. இன்னொரு கார் ரேஸ். இதுல எல்லாம் என்ன விசேஷம்?

– பட்டன் அமுக்க வேண்டாம். குச்சியைத் திருப்பினா மட்டும் போதும். சிலதுல பட்டன் வேலையையும் குச்சிக்கே மாத்திட்டேன். வலது கை ஒண்ணு இருந்தாப் போதும், ஆடிடலாம்.

– வலது கை.

– ஆமா.

– உங்களுக்கு சும்மா இருக்கறது இடது கை.

– ஆமா.

– போட்டோக்காரரே, குறுக்கு விசாரணை என் தொழில். சுத்தி வளைக்காம சொல்லுங்க. நீங்க எங்க போறீங்க?

– முதல்ல ஒண்ணு சொல்லிடறேன். ஒவ்வொண்ணையும் நானே ஆடிப் பார்த்துத்தான் போட்டிருக்கேன். இடது கையை முதுகுப் பக்கம் வெச்சுத் துண்டால கட்டிக்கிட்டு. வீட்டுக்காரி பார்த்துட்டு, "கிட்னி மட்டும்தான் போச்சுன்னு நெனச்சேன்"னு சொல்லிட்டுப் போறா.

– நல்ல பொம்பளை. கேள்விக்குப் பதில்?

– அவ கிட்னிதான். பொருந்திடுச்சு. செவ்வாய்க்கிழமை கடைசி டெஸ்ட். அடுத்த வாரம் ஆபரேஷன். இனிமே நான் இங்க வர மாட்டேன்.

– எப்பத் தெரியும்?

– பொருந்தும்னு போன மாசமே சொல்லிட்டாங்க.

– போன மாசமே. அதுக்கப்புறமும் நான் இந்த நாற்காலியில உக்காந்து, "நமக்கெல்லாம் இதுதான் போட்டோக்காரரே, சாகற வரைக்கும் இந்த மெஷின்தான்"னு புலம்பினேன். நீங்க ஆமா ஆமான்னு தலையை ஆட்டினீங்க.

– எப்படிச் சொல்றது? உங்க தம்பி குடுக்கறேன்னு சொல்லிட்டு, கையெழுத்துப் போடற அன்னைக்குப் பின்வாங்கினான். அந்த வாரமே வந்து, எனக்குக் கிடைச்சிடுச்சுன்னு சொல்லச் சொல்றீங்களா?

– என் தம்பியை இதுல இழுக்காதீங்க. பொண்டாட்டி அழுதா, புள்ள காலைக் கட்டிக்கிச்சு, பயந்துட்டான். நானா இருந்தாலும் பயந்திருப்பேன். இல்ல, பயந்திருக்க மாட்டேன். ஆனா அதைச் சொல்லி என்ன ஆகப் போகுது.

– கோவமா?

– கோவமா? எனக்கா? எட்டு டெராபைட் நஷ்டஈடு குடுத்திருக்கீங்க, எதுக்குக் கோவம்?

– ரெண்டு.

– ஆமா, ரெண்டு. நானே எனக்கு வாதாடியிருந்தா எட்டையும் வாங்கியிருப்பேன்.

– திட்டணும்னா திட்டிடுங்க.

– சந்தோஷம்யா. நிஜமாவே சந்தோஷம். மூஞ்சியில தெரியலையா?

– லைட்டு சரியில்ல.

– உங்க வீட்டுக்காரியைக் கண்ணுல வெச்சுப் பார்த்துக்கங்க. என்னைக்காவது உங்களை விட்டுட்டுப் போகணும்னு தோணினா நேரா என்கிட்ட வரச் சொல்லுங்க, ஃபீஸே வேணாம். கிட்னியைத் திருப்பி வாங்கித் தர மட்டும் சட்டத்துல இடமில்ல.

– சொல்லிடறேன்.

– மேடம், பிரஷர் ஏறுது. என்ன பேசறீங்க ரெண்டு பேரும்?

– ஒண்ணுமில்ல சிஸ்டர். இவர் வண்டி ஓட்டறதை நெனச்சாலே எனக்கு ஏறும். போட்டோக்காரரே, அந்தப் பழைய ரேஸைப் போடுங்க. கடைசியா ஒரு தடவை.

– "ஒரு கை"ல இருக்கறதை ஆடிப் பார்க்கலாமே?

– அதுக்கு நீங்க எதுக்கு? உங்க கையைக் கொண்டாங்க. போடுங்க.

– சரி. ரெடி. பச்சை விழுந்ததும் நான் அமுக்கறேன். திருப்புங்க. திருப்புங்க வக்கீலம்மா!

– பிரேக்! பிரேக்னா பிரேக்! அது ஹாரன்!

– இடது பக்கம்!

– சுவரு, சுவரு, சுவரு... போச்சு.

– போச்சு.

– கடைசி நாள்லயும் சாதனையை விட்டுக் குடுக்கலையே நாம. பெருமையா இருக்கு.

– சார், பேசிப் பேசியே நாலு மணி நேரம் ஓடிடுச்சு, உங்களுக்கு முடிஞ்சது. ஊசியை எடுக்கறேன், அமுக்கிப் பிடிங்க. அப்படியே எடை பார்த்துட்டுக் கிளம்பலாம். மேடத்துக்கு இன்னும் கொஞ்ச நேரம் ஓடணும்.

– வக்கீலம்மா, நல்லாக் கேட்டுக்கங்க. முதல்ல டிஸ்க்குக்குக் கரண்ட், அப்புறம்தான் மெஷின். மாத்திப் பண்ணா டிஸ்க்கே இல்லைன்னு சொல்லுவான். ஆடிக்கிட்டிருக்கும்போது வயரைப் பிடுங்கக் கூடாது, உள்ள இருக்கறது கெட்டுடும். கூட்டற அம்மா தெரியாமப் பிடுங்கிடுவாங்க, ஒரு கண்ணு வெச்சுக்கங்க.

– நானா?

– வேற யாரு? சிஸ்டருக்கு நேரமிருக்கா? வர்றவங்க போறவங்க கையில குடுத்தா ஒரே நாள்ல காலி. ரொம்பக் கஷ்டப்பட்டு ஏத்தியிருக்கேன். உங்களை நம்பித்தான் விட்டுட்டுப் போறேன்.

– ஆள் கிடைக்கலைன்னு என் தலையில கட்டறீங்க.

– ஆமா. அதுல இருக்கறதையெல்லாம் முடிக்கவே பல வருஷம் ஆகும். நீங்க ஓட்டற லட்சணத்துக்கு இன்னும் ஜாஸ்தி.

– அப்படியா? நீங்க இல்லாம நான் எப்படி ஓட்டறேன்னு பார்க்கத்தானே போறீங்க. ஒரு கை பார்த்துடறேன்.

– அப்ப சரி. நான் போயிட்டு வரேன் வக்கீலம்மா.

– வரேன்னு சொல்லாதீங்க. இந்த வார்டுல அதைச் சொல்லக் கூடாது.

– அப்ப என்ன சொல்லணும்?

– "போறேன்"னு சொல்லுங்க. சத்தமாச் சொல்லுங்க. மறுபடி ஊசி குத்திக்க இந்தப் பக்கம் வந்தீங்க, காலை உடைப்பேன்.

– சரி. போறேன்.

– போங்க. நல்லாப் போங்க.

– மேடம்? சாரை எடை பார்த்து அனுப்பிட்டு வர்றதுக்குள்ள என்னாச்சு? கண்ணெல்லாம் சிவந்து கிடக்கு.

– அந்த ஏசிக் காத்து நேரா மூஞ்சியில அடிக்குது சிஸ்டர். திருப்பி வைங்கன்னு எத்தனை தடவை சொல்றது?

– ஏசியே இன்னைக்கு ஓடல மேடம். சரி, உங்களுக்கும் முடியப் போகுது. நான் பெரிய டாக்டர் ரூமுக்குத்தான் போறேன், அவர்கிட்ட ஏதாவது சொல்லணுமா?

– சொல்லணும். இன்னையோட டயாலிசிஸை நிறுத்திக்கறேன், இனிமே யாரும் என்னைத் தேட வேணாம்னு காலையில அவர்கிட்ட ஒரு மனு போட்டேன் சிஸ்டர், அதை வாபஸ் வாங்கிட்டேன்னு சொல்லிடுங்க.