இரண்டு மணி பத்து நிமிடம்

கொசு விரட்டிக் கிரீம் எவ்வளவு நேரம் தாங்கும் என்று கேட்டால் எல்லாரும் டியூபைத் திருப்பிப் பார்ப்பார்கள் சார். எட்டு மணி நேரம் என்று போட்டிருக்கும். அந்த எட்டு எப்படி வந்தது என்று எனக்குத் தெரியும். பதினேழு வருடமாக அந்தக் கம்பெனியின் சோதனைக்கூடத்தில் கூண்டுக்குள் போவது என் கைதான்.

கூண்டில் இருநூறு பெண் கொசு. அரை மணிக்கு ஒருமுறை கையை நுழைத்து, முதல் கடி எப்போது என்று குறிக்க வேண்டும். ஏசி அறையில் அசையாமல் உட்கார்ந்தால் ஏழு, எட்டு மணி நேரம் வரும். வியர்த்தால் பாதிகூட வராது. மேலாளரிடம் சொன்னேன். "அதெல்லாம் எழுத டியூபுல இடம் இல்லம்மா" என்று சிரித்தார்.

என் கணவருக்குப் பக்கவாதம் வந்து இரண்டு வருடம். வலது பக்கம் அசைவில்லை, பேச்சும் போய்விட்டது. காலை எட்டு மணிக்கு உடம்பைத் துடைத்து, கிரீம் பூசிவிட்டு வேலைக்குக் கிளம்புவேன். மாலை ஆறுக்குத் திரும்புவேன். மத்தியானம் நாத்தனார் வந்து ஊட்டிவிட்டுப் போவாள். "பெத்தவகூட இப்படிப் பாத்துக்க மாட்டா அண்ணி" என்பாள்.

கல்யாணமான மூன்றாம் வருடம் எனக்கு டெங்கு வந்தது. வயிற்றில் ஐந்து மாதம். அவர் நண்பர்களோடு சுற்றுலா கிளம்பிக்கொண்டிருந்தார். போகாதீர்கள் என்றேன்.

"கொசுவுக்கு ரத்தம் குடுத்துத்தானே சம்பளம் வாங்குற? ஒரு கடிக்கா இவ்வளவு ஆர்ப்பாட்டம்?"

மூன்று நாள் கழித்து ஆஸ்பத்திரிக்கு வந்தார். கலைந்த குழந்தை ஆணா பெண்ணா என்று கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.

அதற்குப் பழிவாங்கினேன் என்று எழுதிவிடாதீர்கள். எனக்கு அந்தக் குணம் கிடையாது.

போன மாதம் ஆறு நாள் லீவு போட்டேன். நாத்தனாரை வர வேண்டாம் என்றேன். எட்டு மணிக்குக் கிரீம் பூசி, ஃபேனை நிறுத்திவிட்டு, கட்டிலுக்குப் பக்கத்தில் நோட்டோடு உட்கார்ந்தேன். நன்றாக வியர்த்தது அவருக்கு. பத்து மணி பத்து நிமிடத்துக்கு வலது முழங்கையில் முதல் கடி. அவர் கொசுவைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். நான் நேரத்தைக் குறித்துக்கொண்டேன். மறுபடி பூசியிருக்கலாம், பூசினால் சோதனை கெட்டுவிடும். ஆறு நாளும் ஐந்து நிமிடம் முன்னே பின்னே அதேதான்.

அதன்பிறகு வழக்கம்போல வேலைக்குப் போனேன். காலையில் ஒருமுறை பூசினேன், டியூபில் போட்டிருக்கிறபடி. ஜன்னல் வலையைக் கழுவக் கழற்றினேன், திரும்ப மாட்டவில்லை. ஃபேன் காற்றில் அவருக்கு இருமல் வருகிறது என்று நாத்தனாரிடம் சொல்லிவைத்தேன்.

நீங்கள் சுகாதாரத் துறை ஆள். தெருவில் நாலு பேருக்கு டெங்குக் காய்ச்சல் என்று வீடு வீடாகத் தண்ணீரைப் பார்க்க வந்தீர்கள். எங்கள் வீட்டுக் கொல்லையில் ஐந்து வாளி நிறையக் கொசுப்புழு. யாரோ மூட மறந்திருப்பார்கள் என்று நீங்களே எனக்காகச் சொல்கிறீர்கள். யாரும் மறக்கவில்லை சார். கொசு வளர்ப்பதும் என் வேலைதான். அவருக்கு ஏற்கெனவே ஒருமுறை டெங்கு வந்திருக்கிறது, இன்னொரு முறை வந்தால் உடம்பு தாங்குவது கஷ்டம் என்பதும் எனக்குத் தெரியும். வந்தது. போன வியாழக்கிழமை செத்துப்போனார்.

நான்தான் செய்தேன். எழுதிக் கொடுங்கள், கையெழுத்துப் போடுகிறேன்.

ஆனால் ஒன்று சார். அவரை மாதிரி நான் விட்டுவிட்டுப் போகவில்லை. அந்த ஆறு நாளும் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன்.