ஓநாய் மிதித்த செங்கல்

இருங்க டாக்டர், உளியை எடுத்ததும் தட்டிடுவீங்களா? அறுநூறு வருஷமாக் கிடக்கிற கல்லுன்னு நீங்கதானே சொன்னீங்க? இன்னும் ஆறு நிமிஷம் கிடந்தா உங்க மியூசியம் என்ன மூடியா போயிடும்?

நானா? வீப்கே. செங்கல் சூளைக்காரி மக. யார் குரலும் எனக்கு வரும். உங்களோடதும் வந்துடுச்சு, கேக்கிறீங்களா? ம்ம்ம்... அபூர்வம்... மிக மிக அபூர்வம். பாருங்க, உங்களுக்கே சிரிப்பு வருது!

சும்மா மண்டி போட்டிருக்காம மேல பாருங்க. இந்தச் சர்ச்சோட தூண், அந்தக் கூரான வளைவு, அவ்வளவும் செங்கல்தான். இந்தக் கடற்கரையில நல்ல பாறைக்கு எங்க போறது? தெற்க இருந்தவங்க கல்லுல பூதமும் பூவும் செதுக்கிட்டிருந்தப்போ, நம்ம ஆளுங்க களிமண்ணைப் பிசைஞ்சாங்க, சுட்டாங்க. ரெண்டு நீளவாக்குல, ஒண்ணு குறுக்க. ரெண்டு நீளவாக்குல, ஒண்ணு குறுக்க. அப்படியே மேகத்துக்குப் போயிட்டாங்க. பிடிவாதம்னா அதான்.

தெரியும்ங்கிறீங்களா? தெரியும்தான். நீங்க படிச்சவரு. நான் மிதிச்சவ. களிமண்ணைச் சொல்றேன்.

இந்தக் கல்லுல பதிஞ்சிருக்கிற கால் தடத்தைப் பத்தி உங்களுக்கு எழுதினது கோயில் காவல்காரர் ஓலெரிஷ்தானே? சுத்திப் பாக்க வர்றவங்ககிட்ட எப்படிச் சொல்வாரு தெரியுமா? மூக்கை உறிஞ்சிக்கிட்டு: பெருமக்களே, ஒரு கொடும் பனிக்காலம்... பசித்த ஓநாய்... காயாத செங்கல்... அவ்வளவுதான், பாதிப் பேர் தடத்தை மிதிச்சிடுவோமோன்னு காலைத் தூக்கிக்கிட்டு நிப்பாங்க. அதுல ஒரு அம்மா அழுதே விட்டாங்க, ஓநாய் பட்டினியா செத்துச்சான்னு கேட்டு.

பனிக்காலத்துல யாரு டாக்டர் செங்கல் அறுக்கிறது? உறைஞ்சு வெடிச்சிடாது? நீங்களாவது அதைக் கேட்டிருக்கணும்.

ஆங், யோசிக்கிறீங்க. யோசிங்க.

அவருக்கு ஓநாய்க் கதை எங்கேருந்து வந்துச்சா? எங்கேருந்தோ. சரி, நான்தான். பாஸ்டரம்மா குரல்ல போன் பண்ணினேன். ஓலெரிஷ், வடக்குப் பக்கத் தரையில் ஓநாய்த் தடம் இருப்பதைக் கவனித்தீர்களா? அப்படின்னு. மனுஷன் தரையில விழுந்து தேடினாரு. அதோட முடியும்னு நெனைச்சேன். உங்க வரைக்கும் வரும்னு நான் கண்டேனா?

வேணாம், தட்டாதீங்க! அதை எடுத்தா அடிப்பக்கம் தெரியும். பழுது பாக்கிறப்போ மாத்தி வைக்கிற ஒவ்வொரு புதுக் கல்லுக்கும் கண்ணுக்குத் தெரியாத பக்கத்துல வருஷம் குத்தணும், அது இந்தக் கோயில் வழக்கம். பின்னால வர்றவங்க ஏமாறக் கூடாதுன்னு. இதுல அம்மா குத்தியிருக்கிறது போன வருஷத்து எண்.

கீறல் பட்ட கல்லை அம்மா தூக்கி எறிஞ்சிடுவாங்க. இதை நான்தான் கோயிலுக்குப் போற அடுக்குக்கு நடுவுல சொருகினேன்.

ஓநாய் இல்ல. ஃபீட்டே. என் நாய். ஹெர்ரிங் மீன் வச்ச பன்னைக் கண்டா குதிப்பான், அன்னைக்கும் குதிச்சான், காய வச்சிருந்த ஈரக் கல்லு மேலயே. வலது முன்கால். ஜனவரியில போயிட்டான்.

ஞாயித்துக்கிழமை எல்லாரும் கண்ணை மூடி ஜெபம் பண்றப்போ நான் குனிஞ்சு ஷூ நாடா கட்டுற மாதிரி இந்தத் தடத்துல கை வைப்பேன். இங்கதான் உக்காருவேன்.

ஓலெரிஷ்கிட்ட ஓநாய்னே சொல்லிடுங்களேன், டாக்டர். எடுத்தா உடைஞ்சிடும்னும் சொல்லிடுங்க. உங்களுக்கு வரலைன்னா, உங்க குரல்ல நானே சொல்லிடுறேன்.