பெயர் வேண்டாம், கை வேண்டும்

கதவைத் தாழிட்டு வந்து அமர்ந்திருக்கும் அவைத் தலைவர், மறைநில வரைஞர் மன்றத்தின் மூத்த ஊசிக்காரர் துர்திபாய் அவர்களே! மலைப்பிளவுகளில் நுழைந்து, மனிதக் கண்ணுக்கு எட்டாத பள்ளத்தாக்குகளைக் காலால் அளந்து திரும்பிய பெரியோர்களே! அந்த அளவுகளைப் பட்டு நூலால் துணியில் பதிக்கும் தாய்மார்களே! நம்மை வெறும் பூத்தையல்காரர்கள் என்று நம்பும் நுராத்தா சந்தையில் இன்றுவரை வாய் திறக்காத உத்தமர்களே! உங்கள் அனைவருக்கும் அனார்குல்லின் வணக்கம்.

மேடை எனக்குப் பழக்கமில்லை. தடுமாறினால் பொறுத்தருளுங்கள். என்ன அண்ணே, கேட்கவில்லையா? சரி, உரக்கவே பேசுகிறேன்.

சால்வை போர்த்தி என் பின்னால் கிடப்பது வெள்ளாற்றுப் பள்ளத்தாக்கின் தையல் வரைபடம். நம் விதி என்ன? எந்தப் படத்தையும் முடிக்காதே! ஓரத்துக் கொடியில் ஓர் இலையைத் தைக்காமல் விடு! ஏன் விடுகிறோம்? அந்த இலை வெறுமையாக இருக்கும்வரைதான் பள்ளத்தாக்கின் உள்ளே போனவருக்கு வெளியே வர வாசல் உண்டு. இலை மூடினால் வாசலும் மூடும். தைத்த கையே பிரித்தால்தான் மறுபடி திறக்கும். வேறு எவர் இழுத்தாலும் நூல் அசையாது, கத்தரி வைத்தாலும் அறாது.

அந்த இலையை யாரோ தைத்துவிட்டார்கள், அவையோரே! என் கணவர் பொலாத் உள்ளே இருக்கையில் தைத்துவிட்டார்கள்!

கெட்ட எண்ணமா? இல்லை. மன்றத்து விருந்துக்கு மாட்ட எல்லோரும் அவசரமாகத் தைத்த துணி. பக்கத்து இலையை முடித்த வேகத்தில் ஊசி அடுத்த இலைக்கும் ஓடியிருக்கும். தையல் தெரியாதவருக்கு இந்தத் தவறு வராது, தையலே மூச்சாக இருப்பவருக்குத்தான் வரும்.

அவர் புறப்பட்ட காலையில் எங்களுக்குள் சண்டை. “இந்தத் தண்ணிப் பை பத்தாதுங்க, பெருசா ஒண்ணு எடுத்துக்கோங்க” என்றேன். “கழுதை கணக்கா சுமந்துக்கிட்டு நான் மலையேறணும், அதைப் பாத்து நீ சிரிக்கணும், அதானே? போடி, சட்டுனு வந்துருவேன்” என்றார். நம் வழக்கப்படி ரொட்டியை ஒரு கடி கடித்து மிச்சத்தை என் கையில் வைத்தார். “வந்து திம்பேன். உன் தம்பிக்குக் குடுத்துராத.” அந்த ரொட்டி ஆணியில் தொங்கித் தொங்கிக் கல்லாகிவிட்டது.

உள்ளே ஆறு ஓடுகிறது. ஆனால் அந்த நீரை ஒரு மிடறு குடித்தவர் வீட்டை மறப்பார், மனைவியை மறப்பார், வந்த வழியை மறப்பார். துணியில் அவரைக் காட்டும், அவரோடு நகரும் சிவப்புத் தையலை நான் கண் எடுக்காமல் பார்த்து வந்தேன். முதலில் ஓரமெல்லாம் ஓடியது. இலை இலையாகத் தேடியது. வாசல் இருந்த இடத்தில் முட்டி முட்டி நின்றது. தண்ணீர்ப் பை வற்றியிருக்கும், இன்று காலை ஆற்றங்கரையில் போய் நின்றுவிட்டது. எனக்குப் பயமாக இருக்கிறது, தாய்மார்களே!

நாம் என்ன செய்துகொண்டிருக்கிறோம்? விசாரணை! நேற்று இதே கூடத்தில் ஹைதராலி அண்ணன் சாதாப் அக்காவிடம், “பச்சை நூல் உன் பெட்டியிலதான இருக்கு, மறைக்காம சொல்லிரு” என்றார். அக்கா விட்டாரா? “ஏன், உம் பொண்டாட்டி கறுப்பு நூலுலயா இலை தைக்கிறா? என் வாயைக் கிளறாத!” என்றார். தேநீர் ஆறியதுதான் மிச்சம். சிரிக்காதீர்கள், கடைசி வரிசைக்காரரே, நீங்களும்தான் கத்தினீர்கள்.

யார் ஒத்துக்கொள்வார்? இலையை மூடியவருக்கு அதே ஆற்று நீரைக் குடிக்கக் கொடுத்து, மறைநிலங்களையும் நம்மையும் மறக்கடித்து அனுப்புவது நம் விதி. அந்தத் தண்டனைக்குத் தானாக எழுந்து வர எவருக்குத்தான் துணிவு வரும்?

ஆகவே கேட்கிறேன். எனக்குப் பெயர் வேண்டாம், கை வேண்டும்! முகம் வேண்டாம், விரல் வேண்டும்! எல்லோரும் வரிசையாக வாருங்கள். சால்வைக்கு அடியில் கைவிட்டு அந்த இலையை ஒருமுறை பிரித்துப் பாருங்கள். நூல் வந்தால் சத்தமில்லாமல் உருவிவிட்டு நகருங்கள், முன்பே வந்திருந்தாலும் சொல்லாமல் நகருங்கள். கடைசி ஆள் கடக்கும்வரை சால்வையை எவரும் விலக்கக் கூடாது.

தலைவர் என்ன கேட்கிறார்? “அப்போ விதி என்னம்மா ஆகுறது?” ஐயா, உள்ளே போனவர் திரும்ப வேண்டும் என்றுதானே அந்த இலையையே வெறுமையாக விட்டார்கள்! திரும்புவதற்காகப் பிறந்த விதி, திரும்பவிடாமல் தடுக்கலாமா?

“சரி, வழி விடுங்கப்பா, என் கையே முதல்ல போகட்டும்” என்கிறாரே தலைவர்! வாழ்க ஐயா! வாருங்கள் அக்கா. வாருங்கள் ஹைதராலி அண்ணே. தள்ளாதீர்கள். நான் சுவரைப் பார்த்து நிற்கிறேன். எவர் முகத்தையும் பார்க்கவில்லை. எல்லோரும் ஆயிற்றா? கதவருகே நிற்பவரும்? விலக்குகிறேன்.

இலை திறந்திருக்கிறது.

அவர் குடித்துவிட்டாரா, தெரியாது. வந்து நின்றால் என்னை அடையாளம் தெரியுமா, அதுவும் தெரியாது. ஆனால் வாசல் இருக்கிறது. அதைத் திறந்த கை எதுவென்று தெரியாததால், ஆயுள் முழுக்க உங்கள் ஒவ்வொருவருக்கும் நான் நன்றி சொல்லியாக வேண்டும். சொல்வேன். இப்போதே தொடங்குகிறேன். அனைவருக்கும் நன்றி, அனைவருக்கும் வணக்கம். தாழை எடுங்கள், நான் மலைக்கு ஓட வேண்டும்!