ஹெட் கிளார்க் சுப்பராமன் கொண்டுவந்த காகிதம் குறித்து ஜமீலுன்னிசா சொன்னது

1933-ஆம் வருஷம் நவம்பர் மாதம் 20-ந் தேதி, மயிலாப்பூர் கச்சேரி ரோட்டை அடுத்த சந்திலுள்ள பிராதில் எதிரியான ஜமீலுன்னிசாவின் வீட்டில், வாக்குமூலம் வாங்க மாஜிஸ்திரேட் உத்தரவுப்படி வந்த கமிஷனர் முன்னிலையில், எதிரி திரைக்குப் பின்னாலிருந்து சொல்லப் பதிவு செய்தது.

என் பெயர் ஜமீலுன்னிசா. வயது நாற்பத்தாறு. காலஞ்சென்ற கான்டிராக்டர் மெஹபூப் அலியின் மனைவி. தமிழும் உருதுவும் பேசுவேன், உருது எழுதுவேன், இங்கிலீஷ் தெரியாது. என் மேல் பிராது கொடுத்திருக்கும் ஹெட் கிளார்க் சுப்பராமனை எனக்குத் தெரியும். தெரியாமலிருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

என் புருஷர் அடையாற்றில் சர்க்கார் உத்தியோகஸ்தர் குடியிருப்புக்குச் சுற்றுச் சுவரும் கழிவுநீர்க் கால்வாயும் கட்டும் கான்டிராக்ட் எடுத்து, 1931-ஆம் வருஷம் மார்ச் மாதம் முடித்துக் கொடுத்தார். பாக்கி இரண்டாயிரத்து முந்நூற்று நாற்பது ரூபாய் வரவேண்டியிருந்தது. அதன்பிறகு, கான்டிராக்ட் கொடுத்த எஞ்சினீயர் ஆபீசில் ஹெட் கிளார்க்கான மேற்படி சுப்பராமன், சரிபார்க்க வேண்டும் என்று சொல்லி, கான்டிராக்ட் பத்திரத்தையும் வேலை முடிந்ததற்கான சர்ட்டிபிகேட்டையும் வாங்கி வைத்துக்கொண்டார். ரசீது கொடுக்கவில்லை. அதன்பிறகு என் புருஷர் பதினைந்து மாதம் அந்த ஆபீசுக்கு நடந்தார். வராந்தாவில் பெஞ்சு இருந்தும் உட்காரச் சொல்லவில்லை என்று ஒரு தடவை சொன்னார், பிறகு அதைச் சொல்வதை விட்டுவிட்டார். கொத்தனார்களுக்குக் கூலி கொடுக்க என் வளையல்கள் போயின. 1932-ஆம் வருஷம் ஜூலையில் ஆபீசிலிருந்து நனைந்து வந்து காய்ச்சலில் படுத்தவர் ஒன்பதாம் நாள் காலமானார்.

புருஷர் போனபின் நாலு மாதம் பத்து நாள் இருக்கவேண்டிய இத்தா முடிந்தபிறகு நான் மனு அனுப்பினேன். கான்டிராக்ட் பத்திரத்தை ஆஜர் செய்தால் கவனிக்கப்படும் என்று பதில் வந்தது. அதில் கையெழுத்துப் போட்டவர் பத்திரத்தை வாங்கி வைத்திருக்கும் அதே சுப்பராமன்.

அதன்பிறகு வக்கீல் சங்கரன் வீட்டுக்குப் போனேன். சர்க்கார் மேல் வழக்குப் போடுவதானால் இரண்டு மாதம் முன்னதாக நோட்டீஸ் கொடுக்கவேண்டும் என்றும், வேலை முடிந்து மூன்று வருஷம் போய்விட்டால் வழக்கே கிடையாது என்றும் அவர் சொன்னார். பிறகு, "நோட்டீஸ் நான் அனுப்பறேம்மா. ஆனா உங்க ஆத்துக்காரர் வேலை பார்த்தார்ங்கறதுக்கு ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லையே, நான் எதை வெச்சுண்டு கோர்ட்டுல பேசறது?" என்றார். இருந்தாலும் இந்த வருஷம் ஆகஸ்டு மாதம் 10-ந் தேதி நோட்டீஸ் அனுப்பினார்.

அதன்பிறகு அக்டோபர் 3-ந் தேதி செவ்வாய்க்கிழமை பகல் பதினோரு மணிக்கு மேற்படி சுப்பராமன் முதல் தடவையாக எங்கள் வீட்டுக்கு வந்தார். நாற்காலி போடச் சொன்னேன், உட்கார்ந்தார். நானும் என் மகள் வஜீஹாவும் திரைக்கு இந்தப் பக்கம் இருந்தோம். அவர் இங்கிலீஷில் டைப் அடித்த காகிதம் ஒன்றைத் திரைக்கு அடியில் நீட்டி, "இதுல ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்துடுங்கோம்மா. தொள்ளாயிரம் ரூபா உடனே கைக்கு வரும். கோர்ட்டுக்குப் போனேள்னா அலைஞ்சுண்டே இருக்க வேண்டியதுதான்" என்றார். எழுதியிருப்பது என்ன என்று கேட்டேன். வெறும் ரசீது என்றார்.

வஜீஹா பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ் படித்தவள். "இன்னா எழுதிக்கீது, படி" என்றேன். அவள் மெதுவாகப் படித்துச் சொன்னாள். மெஹபூப் அலி கான்டிராக்ட்படி வேலையை முடித்தார் என்றும், இரண்டாயிரத்து முந்நூற்று நாற்பது ரூபாய் பாக்கி நிற்கிறது என்றும், அதற்கு ஈடாகத் தொள்ளாயிரத்தைப் பெற்றுக்கொண்டு நான் மற்ற உரிமையெல்லாம் விட்டுவிடுகிறேன் என்றும் கண்டிருந்தது. கீழே எஞ்சினீயர் கையெழுத்தும் ஆபீஸ் முத்திரையும் இருந்தன. என் கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது.

வஜீஹா, "அம்மா, வக்கீல் கேட்டது இதுதான்" என்று என் காதில் சொன்னாள். நான் காகிதத்தை மடித்து ஜாக்கெட்டுக்குள் வைத்துக்கொண்டேன். "இது எங்கிட்டயே இருக்கட்டும், நீங்க போய்ட்டு வாங்க" என்றேன்.

அவர் எழுந்து கூச்சல் போட்டார். அதன்பிறகு திரைக்குள் கையை விட்டார். கையை எடுக்கும்படி இரண்டு தடவை சொன்னேன். எடுக்கவில்லை, வஜீஹாவின் முந்தானை அவர் கையில் சிக்கியது. பாக்குவெட்டியால் அவர் மணிக்கட்டில் அடித்தேன். கைப்பிடிப் பக்கத்தால்தான் அடித்தேன். மற்றப் பக்கமும் என் கையில்தான் இருந்தது.

வாசலுக்குப் போனபிறகு அவர் குரல் மாறிவிட்டது. "அதைக் குடுத்துடுங்கோ, என் வேலை போயிடும். நாலு குழந்தேள் இருக்கா" என்றார். அவர் போனதும் வஜீஹாவைக் கதவைத் தாழிடச் சொன்னேன்.

கதவைப் பூட்டி அவரை அடைத்து வைத்தேன் என்று பிராதில் கண்டிருப்பது பொய். அவர் போனபிறகுதான் தாழிட்டோம்.

அன்று மாலையே காகிதத்தை வக்கீலிடம் கொடுத்தேன். இரண்டு மாதக் கெடு முடிந்தபின் அக்டோபர் 16-ந் தேதி சிட்டி சிவில் கோர்ட்டில் வழக்கோடு அதைத் தாக்கல் செய்தார். வேலை நடந்ததும் தொகை பாக்கியிருப்பதும் உண்மை என்று சர்க்கார் தரப்புப் பதில் மனுவில் சென்ற வாரம் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். என் புருஷர் உயிரோடிருந்த பதினைந்து மாதத்தில் அந்த ஒரு வரியை அவருக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை.

கமிஷனர் கேட்டதற்குச் சொல்வது: சுப்பராமனிடம் வருத்தம் தெரிவித்துக்கொண்டால் பிராதை ராஜியாக முடித்துக்கொள்ளலாம் என்று எனக்கு எடுத்துச் சொல்லப்பட்டது. எனக்கு வருத்தமில்லை. கையில் அடித்ததற்கு அபராதம் போட்டால் கட்டுகிறேன். காகிதம் வேண்டுமானால் அவர் கோர்ட்டில் மனுப் போட்டுக் கேட்கட்டும். எத்தனை மாதம் ஆகும் என்பது அவருக்குத் தெரிந்திருக்கும்.

நான் சொன்னதை முழுதும் எனக்குப் படித்துக் காட்டினார்கள். காகிதத்தைப் 'பிடுங்கிக்கொண்டேன்' என்று ஓரிடத்தில் எழுதியிருந்தது. அதை அடித்து 'வைத்துக்கொண்டேன்' என்று எழுதச் சொன்னேன். அப்படியே திருத்தியிருக்கிறது. இப்போது இதிலுள்ளது எல்லாம் நான் சொன்னதே, எல்லாம் உண்மை.

(உருதுவில் ஒப்பம்) ஜமீலுன்னிசா