மணி நகராத லைன்

ஒரகடத்தில் வேலை பார்க்கிறவன் மாலை டீயைத் தன் வீட்டில் குடித்தால் அவன் கொடுத்துவைத்தவன். அந்த வகையில் எனக்கு ஒரு குறையும் கிடையாது சார். காருக்குள் ஓடுகிற ஒயர்களைக் கட்டித் தரும் கம்பெனியில் நான் லைன் சூப்பர்வைசர். மற்ற சூப்பர்வைசர்கள் டார்கெட் முடியாமல் ஓ.டி.யில் உட்கார்ந்து தலையைச் சொறிந்துகொண்டிருக்கும்போது, நான் படப்பையில் என் மகள் நிலாவின் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு ஓடுவேன். அவள் சைக்கிள் பழகியது, மேடையேறிப் பாடியது, எதையும் நான் தவறவிட்டதில்லை. எத்தனை அப்பன்கள் இப்படிச் சொல்ல முடியும்?

எப்படி முடிந்தது என்றுதானே கேட்கிறீர்கள். ஒளிக்க ஒன்றுமில்லை, சொல்கிறேன்.

எங்கள் ஷெட் மூலையில் ஒரு பிள்ளையார் இருக்கிறார். ஆயுத பூஜைக்காக அவருக்கு மோட்டார் மேளம் ஒன்று வாங்கினோம். கோயில்களில் பார்த்திருப்பீர்கள், சுவிட்சைப் போட்டால் மேளமும் மணியும் தானாக அடிக்கும். வந்த வாரமே ஒரு குச்சி கழன்றுவிட்டது. மெக்கானிக்குக்குக் காத்திருக்க யாருக்குப் பொறுமை? ஒயர் கட்டுகிற பிளாஸ்டிக் பட்டைதான் எங்களிடம் கொட்டிக் கிடக்கிறதே. செருப்பு அறுந்தாலும் சாப்பாட்டுப் பையின் காது பிய்ந்தாலும் எங்கள் ஆட்களுக்கு அதுதான் வைத்தியம். நானும் அதை வைத்தே இறுக்கிக் கட்டினேன். அடி கொஞ்சம் பிசகிவிட்டது. மேளம் ஒரு பக்கம் போனது, மணி ஒரு பக்கம் போனது.

அப்போது கம்ப்ரஸர் ரூமிலிருந்து வந்த கையோடு, காதில் சத்தம் புகாத மஃப் மாட்டியிருந்தேன். சுவிட்சைப் போட்டுவிட்டுத் திரும்பினால், லைனில் நிற்கிற பெண்களின் கைகளைக் காணோம். ஓடுகிற ஃபேன் மாதிரி ஒரு கலங்கல்தான் தெரிந்தது. பதறிப்போய் அணைத்தேன். எல்லோரும் பழையபடி நின்றார்கள். ட்ரேக்கள் மட்டும் நிரம்பி வழிந்தன.

விஷயம் இவ்வளவுதான். அந்தச் சத்தம் யார் காதில் விழுகிறதோ அவர்களுக்கு நேரம் நீண்டுவிடும். வெளியே ஒரு டீ குடிக்கிற நேரம், அவர்களுக்கு உள்ளே பல நாள். பசிக்காது, தூக்கம் வராது, கை மட்டும் வேலை செய்துகொண்டே இருக்கும். சுவர்க் கடிகாரத்துக்குத்தான் காது கிடையாதே, அது தன்பாட்டுக்கு நிதானமாக ஓடும்.

முதல் நாள் லைனில் நிற்கிற பாப்பம்மாள் என்னிடம் வந்து, "இன்னா சார் இது, மணி நகரவே மாட்டேங்குது" என்றாள். மாட்டிக்கொண்டோம் என்று நினைத்தேன். பக்கத்து ஷெட்டுக்குப் போய் விசாரித்தேன். மேளமே இல்லாத அந்த ஷெட்டிலும் எல்லோரும் அதையேதான் சொன்னார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

அதிலிருந்து தினமும் மஃப்பை மாட்டிக்கொண்டு பூஜைதான். மேனேஜருக்கு என் பக்தியில் பரம திருப்தி. "உன் லைன்ல மட்டும் புள்ளையாரே ஓ.டி. பாக்குறாராய்யா?" என்று பக்கத்து ஷெட் சூப்பர்வைசர் ஸ்ரீதர் கிண்டலடிப்பான். சிறந்த லைன் கேடயம் எங்களைத் தேடி வந்தது. பெண்களுக்கும் பெருமைதான், கேடயத்தோடு செல்ஃபி எடுத்துக்கொண்டார்கள்.

அவர்களுக்கு நரை வந்தது. போர் தண்ணி சரியில்லை என்றார்கள். கண்ணாடி போட்டார்கள், செல்போன் பார்த்ததால் என்றார்கள். முட்டி வலித்தது, நின்றுகொண்டே வேலை செய்தால் வலிக்காதா என்றார்கள். நான் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை சார். காலுக்கடியில் போட ரப்பர் விரிப்பு வாங்கிக் கொடுத்தேன். தீபாவளிக்கு ஸ்வீட் பாக்ஸோடு ஆளுக்கொரு ஹேர் டை பாக்கெட்டும் என் செலவில் கொடுத்தேன். எந்த சூப்பர்வைசர் செய்வான்?

பாஞ்சாலிக்கு வருகிறேன். சேரப்பணஞ்சேரிப் பெண். கைக்குழந்தையை மாமியாரிடம் விட்டுவிட்டு வேலைக்கு வந்தவள். ஒரு நாள் கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்து நின்றாள்.

"சார், புள்ள வளரவே மாட்டேங்குறான் சார். எவ்ளோ காலமாச்சு, இன்னும் ஒரு பல்லு மொளைக்கல."

"டாக்டர் இன்னா சொல்றாரு?"

"வயசுக்கு சரியாத்தான் கீறான்னு சொல்றாரு. எனக்குத்தான் மனசு ஆறல."

"கொழந்தைங்க பொறுமையாத்தாம்மா வளரும். நீ மனசப் போட்டு கொழப்பிக்காத" என்று தேற்றினேன். வாலாஜாபாத்தில் வேறொரு டாக்டரிடம் காட்டப் பர்மிஷனும் கொடுத்தேன். அவரும் அதையேதான் சொன்னாராம். அவள் பிறகு கோயில் கோயிலாக வேண்டிக்கொண்டாள். மேளத்தை நிறுத்தினால் பிள்ளை தானாக வளர்ந்துவிடுவான் என்று எனக்குத் தெரியும். ஆனால் அந்த மாதம்தான் நிலாவின் பள்ளி ஆண்டு விழா. தினமும் ஒத்திகைக்கு யார் கூட்டிப்போவது?

போன வாரம் பாஞ்சாலி லைனிலேயே சரிந்தாள். ஆஸ்பத்திரி டாக்டர் என்னைத்தான் திட்டினார். இவ்வளவு வயதான அம்மாவை வேலைக்கு வைக்கலாமா என்று கேட்டார். அவளுடைய ஐ.டி. கார்டைக் காட்டினேன். வாங்கியவர் பிறந்த வருஷத்தை விரலால் தேய்த்துப் பார்த்தார். விசாரிக்க வந்திருக்கிற உங்களுக்குச் சொல்லியனுப்பியதும் அவராகத்தான் இருக்கும்.

அன்று காலையில்தான் பிள்ளைக்கு முதல் பல் எட்டிப் பார்த்ததாம். மாமியார் போன் செய்திருக்கிறார். ஷிப்ட்டில் போன் எடுக்கக் கூடாது என்பது ரூல், அவளுக்குத் தெரியாமலே போய்விட்டது. அதைக் கேட்டபோது நானும் அழுதேன். எனக்கும் ஒரு பிள்ளை இருக்கிறது சார்.

மறுநாள் அடக்கம். லைனில் பாதிப் பேர் லீவு, டார்கெட் லீவு போடுமா? வந்திருந்தவர்களுக்கு மேளத்தைக் கொஞ்சம் கூடுதலாகவே ஓட்டினேன். இல்லாவிட்டால் மாலை வாங்கிக்கொண்டு நேரத்துக்குப் போய்ச் சேர்ந்திருக்க முடியாது. பாஞ்சாலிக்கு அந்த மரியாதையாவது நான் செய்ய வேண்டாமா?